மணலும் குரலும் ஏடும்
தமிழகப் பள்ளிகளில் எழுத்துப் பயிற்சியின் பல வழிகள்

எழுதக் கற்பிக்கும் கலையைப்பற்றி மேனாட்டுக் கல்வியாளர் சிலர் ஏறக்குறைய முப்பது ஆண்டுகளாக ஒரு கருத்தை வற்புறுத்தி வருகின்றனர். எழுத்து என்பது தாளின்மேல் மையினால் இடப்படும் சொல் மட்டுமன்று. படம், ஒலி, உடலசைவு, இடத்தை அமைக்கும் முறை ஆகிய யாவும் பொருளை உணர்த்தும் வழிகளே. ஆகவே மாணவனுக்கு இவ்வழிகள் அனைத்தையும் இணைத்துத் தன் கருத்தை ஆக்கும் பயிற்சி வகுப்பறையிலேயே தரப்பட வேண்டும் என்பதே அக்கருத்து. 1994இல் அமெரிக்காவின் நியூ லண்டன் என்னும் சிற்றூரில் கூடிய பதின்மர் இதனை ஆராய்ந்து, 1996இல் ஹார்வர்டு கல்வி ஆய்விதழில் கட்டுரையாக வெளியிட்டனர். குந்தர் கிரெஸ் போன்றோர் பின்னர் இதனை விரித்துரைத்தனர். இதனைப் பல்வழி எழுத்தாக்கம் என்று தமிழில் வழங்கலாம்.

இயல், இசை, நாடகம் என மொழியையே மூன்றாக வகுத்துக் கண்ட நமக்கு இது புதிதன்று என்று உடனே கூறிவிடத் தோன்றும். இரதபந்தம், நாகபந்தம் என எழுத்தையே தேராகவும் பாம்பாகவும் அமைத்த சித்திரகவிகளுக்குத் தண்டியலங்காரம் இலக்கணமும் வகுத்துள்ளது. ஆயினும் பெருமை பேசுவதோடு நின்றுவிடின் வரலாறு நமக்கு ஒன்றும் கற்பிக்காது. புலவர் அவையில் இருந்தது வகுப்பறையிலும் இருந்ததா? இருந்ததெனில், அந்த வகுப்பறையின் வாயில் யாருக்குத் திறந்திருந்தது? இவ்விரு வினாக்களையும் ஒருங்கே வைத்தே நாம் இப்பொருளை நோக்க விரும்புகிறோம்.

திண்ணையில் நிகழ்ந்தது

இத்தாலிய யாத்திரிகரான பியெத்ரோ தெல்லா வாலே 1623இல் கன்னட நாட்டு இக்கேரியில் ஒரு கோவில் முகப்பில் நான்கு சிறுவரைக் கண்டார். அவர்கள் கணக்குப் படித்துக்கொண்டிருந்தனர். ஒருவன் ஓர் அடியை இசையோடு பாடுவான். பாடும்போதே தரையில் பரப்பிய நுண்மணலில் விரலால் அதை எழுதுவான். மற்றையோரும் அவ்வாறே பாடி எழுதுவர். தரை நிறைந்ததும் அழித்துவிட்டுப் புது மணல் தூவிக்கொள்வர். ஐயம் நேர்ந்தால் யார் திருத்துவார் என்று கேட்டதற்கு, ஒரே இடத்தில் நால்வருமே ஒருசேரத் தடுமாறுவது இயலாது என்று அவர்கள் விடையிறுத்தனராம். ஆசிரியர் அருகில் இல்லாமலே நடந்த பாடம் அது.

தமிழகத்துத் திண்ணைப் பள்ளிகளிலும் இதுவே முறை. விடியற்காலையில் பிள்ளைகள் வந்து, முந்திய நாள் பாடத்தைக் கூட்டமாக உரத்துச் சொல்வர். இதற்கு முறை சொல்லுதல் என்று பெயர். ஆற்றிலிருந்தோ வாய்க்காலிலிருந்தோ மணல் கொணர்ந்து பரப்பி, 'ஆனா, ஆவன்னா' என வாய் சொல்லச் சொல்ல விரல் எழுதும். எழுத்தின் பெயர் ஒலியாகவும், வடிவம் கையின் வளைவாகவும், பிழை உள்ளங்கையால் அழிக்கப்படும் மணலாகவும் ஒரே நேரத்தில் பிள்ளைக்குள் செல்கின்றன. மணலில் எழுத்துப் பெரிதாகவே வரும். சிறு விரல்களுக்கு அது ஏற்றது. பிழைக்குச் செலவு இல்லை. எண்சுவடியும் நெல்லிலக்கமும் குழிமாற்றும் இவ்வாறே பாட்டாகி மனத்தில் பதிந்தன. செந்தில் பாபு அவர்கள் 2022இல் வெளியிட்ட கணித வரலாற்று நூல், இப்பயிற்சி வெறும் ஒப்புவித்தல் அன்று, நினைவாற்றலையே கணக்கிடும் கருவியாக்கிய முறை என்று நிறுவுகின்றது. நவராத்திரி வந்தால் பிள்ளைகள் கோலாட்டக் கோல்களுடன் வீடுவீடாகச் சென்று பாடுவர். ஆசிரியருக்குக் கிடைக்கும் காசு அதனால் வருவது. பாட்டும் ஆட்டமும் பள்ளியின் புறத்தே நின்ற பொழுதுபோக்கு அல்ல. பள்ளியின் வரவு செலவிலேயே அவை இடம் பெற்றிருந்தன.

மணலிலிருந்து ஓலைக்குச் செல்லும் மாணவன் வேறொரு கைத்திறனைக் கற்கவேண்டும். ஓலையை இடக்கை தாங்கி நகர்த்த, வலக்கை எழுத்தாணியை ஊன்றிக் கீறும். எழுதியபின் கரி முதலியவற்றைத் தடவினால்தான் கீறல் கண்ணுக்குப் புலப்படும். புள்ளி குத்தினால் ஓலை கிழியும் என்பதால் மெய்யெழுத்துக்குப் புள்ளியிடுவதில்லை. எகர ஒகரங்களின் குறிலும் நெடிலும் ஒன்றுபோலவே தோன்றும். எனவே ஏட்டைக் கண்ணால் மட்டும் படிக்க இயலாது. வாய்விட்டுச் சொல்லி, பொருளும் ஓசையும் பொருந்துமாறு பார்த்தே சொல்லைத் துணிய வேண்டும். குரலின் துணையின்றி நில்லாத எழுத்து அது. வீரமாமுனிவர் எகர ஒகர வடிவங்களைத் திருத்தியதும், அச்சு புள்ளியை நிலைநிறுத்தியதும் மௌன வாசிப்புக்கு வழி திறந்தன எனலாம். இதன் பயனை நாம் நாள்தோறும் துய்க்கிறோம். இதனால் இழந்ததைப்பற்றிப் பெரும்பாலும் எண்ணுவதில்லை.

தமிழ்ச் சபைகளின் வரலாறும் இந்த மணலிலேதான் தொடங்குகிறது. 1706 ஜூலை 9ஆம் நாள் தரங்கம்பாடியில் வந்திறங்கிய சீகன்பால்கு ஐயர், தமிழ் கற்க விரும்பி, ஒரு தமிழாசிரியரைப் பிள்ளைகளுடன் தம் வீட்டிலேயே பள்ளி நடத்தச் செய்தார். அப்பிள்ளைகளோடு தாமும் தரையில் அமர்ந்து மணலில் எழுதிப் பழகினார். ஹாலே பல்கலைக்கழகத்தில் பயின்றவர் சிறுபிள்ளைகளோடு விரலால் எழுதினார் என்பது அடக்கத்திற்கு எடுத்துக்காட்டாக அடிக்கடி கூறப்படுகின்றது. அவர் தேர்ந்த வழி விரைவில் பயன் தந்தது என்பதும் அதே அளவு கருதத்தக்கது. 1714இல் தமிழ்ப் புதிய ஏற்பாட்டின் முதற்பகுதி தரங்கம்பாடி அச்சகத்தில் உருவாயிற்று.

அம்முறையின் குறைகள்

திண்ணைப் பள்ளியைப் பொற்காலமாகக் காட்டுவோருடன் நாம் உடன்படுவதற்கில்லை. ஆளுநர் தாமஸ் மன்றோ 1822இல் ஆணையிட்டு நடத்திய கணக்கெடுப்பின் முடிவு 1826இல் வெளிவந்தபோது, சென்னை மாகாணத்தில் 12,498 பள்ளிகளும் 1,88,650 மாணவரும் இருந்தமை தெரிந்தது. மக்கள் தொகை அன்று 1,28,50,941. எண்ணிக்கை சிறிதன்று, ஆயினும் பெண் மக்களும் தாழ்த்தப்பட்ட குலத்தாரும் அதில் மிகச் சிலரே. திண்ணை என்பது ஒரு வீட்டின் உறுப்பு. அவ்வீட்டின் தெருவில் நடக்க அனுமதி இல்லாதவனுக்கு அத்திண்ணையின் பாட்டு தொலைவிலிருந்து கேட்கும் ஓசை மட்டுமே.

பெல்லாரி ஆட்சியர் காம்பெல் 1823இல் அனுப்பிய அறிக்கை இவ்வகையில் பயனுள்ளது. தெலுங்கும் கன்னடமும் வழங்கும் பகுதியைப்பற்றியதாயினும் நம் பள்ளிகளுக்கும் அது பெரிதும் பொருந்தும். காலையில் முதலில் வரும் பிள்ளையின் உள்ளங்கையில் சரஸ்வதியின் பெயர் எழுதப்படும். இரண்டாவது வருபவனுக்கு ஒரு சுழி, புகழும் இல்லை இகழும் இல்லை என்பதற்கு. மூன்றாமவனுக்கு ஒரு மெல்லிய அடி, நான்காமவனுக்கு இரண்டு, இவ்வாறே ஏறிச்செல்லும். அங்கே பிள்ளையின் உடலும் ஓர் ஏடு! மூத்த மாணவர் இளையவர்க்குக் கற்பிக்கும் சிக்கனத்தை அவர் பாராட்டுகிறார். ஆனால் அவர் கூறும் குறை கடுமையானது. பாடமாகச் சொல்லப்படும் செய்யுட்கள் பேச்சு வழக்கினின்றும் மிக வேறுபட்ட நடையில் உள்ளன, மாணவர் கிளியைப்போலப் பல்லாயிரம் அடிகளை ஒப்புவிப்பர், பொருள் அறியார், தாமே ஒரு கடிதம் எழுதவும் இடர்ப்படுவர் என்பது அதன் சாரம்.

இக்குற்றச்சாட்டை அயலாரின் அறியாமை என்று தள்ளிவிடலாகாது. கையும் குரலும் கண்ணும் ஒன்றுபட்டாலும், மாணவன் தனக்குரிய ஒன்றைச் சொல்ல இடமில்லையாயின் அது படியெடுத்தலே ஆகும், ஆக்கம் ஆகாது. வழிகள் பல என்பது வேறு, அவ்வழிகளில் தன் காலால் நடத்தல் வேறு.

எழும்பூரிலிருந்து இங்கிலாந்துக்கு

1789இல் சென்னை எழும்பூரில் படைவீரரின் ஆண்மக்களுக்கான அனாதைப் பள்ளியின் பொறுப்பை ஆண்ட்ரூ பெல் என்னும் குருவானவர் ஏற்றார். ஒரு நாள் காலையில் குதிரைமீது சென்றபோது, தமிழ்ப் பிள்ளைகள் தரையில் அமர்ந்து மணலில் விரலால் எழுதுவதைக் கண்டார். தம் பள்ளியிலும் அதனை நடத்த முயன்றார். உதவி ஆசிரியர் இணங்கவில்லை. ஆகவே ஜான் ஃபிரிஸ்கன் என்ற, எட்டு வயதளவே ஆன ஒரு படைவீரர் மகனிடம் அரிச்சுவடி வகுப்பை ஒப்புவித்தார். ஆசிரியர் செய்ய மறுத்ததைச் சிறுவன் செய்து காட்டினான். பெல் தாய்நாடு திரும்பி 1797இல் இச்சோதனையை நூலாக வெளியிட்டார். ஜோசப் லாங்காஸ்டர் இலண்டனில் இதனையொத்த முறையைப் பெருக்கினார். 1811இல் ஏற்பட்ட தேசியச் சங்கம் பெல்லின் முறையை ஆங்கிலத் திருச்சபைப் பள்ளிகளில் பரப்பிற்று. 'சென்னை முறை' என்பதே அதன் பெயர். பெல் பிறந்த செயின்ட் ஆண்ட்ரூஸ் நகரில் அவர் பொருளுதவியால் 1833இல் திறக்கப்பட்ட பள்ளி இன்றும் சென்னையின் பெயரைத் தாங்கி நிற்கின்றது.

பெல் எடுத்துச் சென்றவை மணலும் சட்டாம்பிள்ளையும். அங்கு நூற்றுக்கணக்கான ஏழைப் பிள்ளைகளுக்குக் குறைந்த செலவில் எழுத்தறிவிக்கும் பொறியாக அவை மாறின. முறை சொல்லும் பாட்டுக்கு அக்கப்பலில் இடம் கிடைக்கவில்லை. பின்னர் அம்முறை சீர்திருத்தம் என்ற பெயருடன் மிஷன் பள்ளிகளின் வழியாக நம்மிடமே திரும்பியபோது, திண்ணைப் பள்ளியின் இரைச்சல் ஒழுங்கின்மையின் அடையாளமாகக் கருதப்பட்டது. நம் வீட்டிலிருந்து சென்ற பொருள் பாதியாகத் திரும்பி வந்ததை யாரும் கவனித்ததாகத் தெரியவில்லை.

இரண்டு பூகோளங்கள்

இவ்வரலாற்றின் மையம் என நாம் கருதுவது தஞ்சையிலும் பாளையங்கோட்டையிலும் நிகழ்ந்தது. வேதநாயகம் சாஸ்திரியார் 1774இல் திருநெல்வேலியில் பிறந்தவர். இளமையிலேயே சுவார்ட்ஸ் ஐயரால் தஞ்சைக்கு அழைத்துச் செல்லப்பட்டு, அங்கே மிஷன் பள்ளியின் தலைமை ஆசிரியரானவர். சுவார்ட்ஸ் ஐயரின் பராமரிப்பில் கல்வி பெற்ற மற்றொருவர் சரபோஜி மன்னர். பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இவ்விருவர் சூழலிலும் ஒரே வகையான முயற்சியைக் காண்கிறோம். சாஸ்திரியாரின் பெத்தலகேம் குறவஞ்சியில் குறத்தி பாடும் மலைவளமும் நாட்டுவளமும், ஐரோப்பியர் கொணர்ந்த புதிய உலகப் பூகோளத்தையும் வானநூலையும் உட்கொண்டு விரிகின்றன. சரபோஜியின் பெயரால் வழங்கும் மராத்தி நாடகமான தேவேந்திர குறவஞ்சியும் கண்டங்களையும் நாடுகளையும் பாட்டாகவே கற்பிக்கின்றது. நிலப்படத்தைக் கண்டவர், அதனைப் பாட்டாக்கி, ஆடுதற்குரிய பாத்திரத்தின் வாயில் வைத்தனர். பல்வழி எழுத்தாக்கத்திற்கு இதனினும் தெளிந்த சான்றை வேறு எங்கே தேடுவது?

1820இல் பாளையங்கோட்டைக்கு வந்த ரேனியஸ் ஐயர் வேறு வழியில் சென்றார். அவர் 1832இல் வெளியிட்ட பூமி சாஸ்திரம் உரைநடையில், அச்சில், வகுப்பறைக்கென்றே எழுதப்பட்ட நூல். தமிழ் உரைநடை வரலாற்றில் அதற்குச் சிறந்த இடமுண்டு. யாரும் பாட வேண்டியதில்லை, ஆட வேண்டியதில்லை. எழுத்துக்கூட்டத் தெரிந்த எவனும், எவளும், தனியே அமர்ந்து படிக்கலாம். பெண்கள் பள்ளிகளையும் அவர் நிறுவினார்.

இவற்றுள் எது சிறந்தது என்று மேலெழுந்தவாரியாகக் கேட்டால், குறவஞ்சியே உயிருள்ளது என்று இக்காலக் கல்வியாளர் கூறுவர். ஆனால் சாதி என்னும் வினா இங்கே குறுக்கிடுகின்றது. 1820களில் புதிய மிஷனெரிகள் சபையிலும் பள்ளியிலும் சாதி வேறுபாடின்றி ஒன்றாக உட்காரவேண்டும் என்றபோது, அதனை எதிர்த்து எழுதியவர்களில் முதன்மையானவர் சாஸ்திரியார். வேதமொழிபெயர்ப்பை மாற்றியது, ஆலயத்தில் தமிழ்ப் பாடல்களை விலக்கியது, விழாவில் மலரைத் தடுத்தது, சாதி முறையைக் கலைத்தது ஆகியவற்றை அவர் ஒரே வரிசையில் கொடுமைகளாக அடுக்கினார். பாட்டைக் காக்க எழுந்த அதே குரல் பந்தி வேற்றுமையையும் காக்க எழுந்தது. மறுபுறம், வாயிலை அனைவருக்கும் திறக்கத் துணிந்தவர்களோ பாட்டையும் மலரையும் பழைய சமயத்தின் எச்சமென்று ஐயுற்றனர். பல வழிகளை அறிந்தவர் கதவைச் சார்த்தினர். கதவைத் திறந்தவர் ஒரே வழியை நம்பினர். 1833இல் பேராயர் டேனியல் வில்சன் சாதி வேறுபாடு சபையில் அறவே ஒழிக என்று கடிதம் விடுத்தபோது தஞ்சைச் சபை பிளவுண்டதும் இதன் தொடர்ச்சியே.

இவ்விரண்டையும் பிரித்து, பாட்டை ஏற்றுச் சாதியை மறுக்கும் வகுப்பறை ஒன்று அன்றே எழுந்திருக்கக் கூடாதா? சாஸ்திரியாரின் கீர்த்தனைகள் சபைகளில் எல்லாச் சாதியார் நாவிலும் பின்னர் ஏறிவிட்டன. அவ்வளவில் காலம் ஒரு தீர்ப்பு வழங்கியது. வகுப்பறையில் அது நிகழவில்லை. ஆலயத்தில் பாட்டு, பள்ளியில் உரைநடை என்று பிரிந்தது பிரிந்ததே.

கரிசல் நாட்டில்

ராக்லண்ட் ஐயர் 1854இல் ஃபென், மெடோஸ் ஆகியோருடன் வட திருநெல்வேலியில் கூடாரங்களில் தங்கி ஊர் ஊராகச் செல்லும் ஊழியத்தைத் தொடங்கினார். 1858இல் சிவகாசியில் உயிர் நீத்தார். பின்னாளில் அந்நகரையடுத்த சாட்சியாபுரம் மிஷன் நிலையமாகவும் பள்ளிகளின் இடமாகவும் வளர்ந்தது. இன்றைய விருதுநகர் மாவட்டத்தின் இம்மேற்குப் பகுதிக்கு எழுத்தறிவு வந்த பாதைகளுள் அது ஒன்று.

வேறொரு பாதை தொழிலின் வழியே வந்தது. 1922இல் அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா சென்று தீப்பெட்டித் தொழிலைக் கற்றுத் திரும்பினர். தீப்பெட்டி விற்க அதன்மேல் ஒட்டும் சீட்டு வேண்டும். சீட்டு அச்சிட அச்சகம் வேண்டும். இவ்வாறு சிவகாசி அச்சு நகரமாயிற்று. அச்சீட்டை எண்ணிப் பாருங்கள். வாங்குபவருக்கு எழுத்துத் தெரியாது என்பதை அறிந்தே அது அமைக்கப்பட்டது. மயிலும் அணிலும் மணியும் பெயராகி நின்றன; படத்தைச் சொல்லிக் கேட்டால் கடைக்காரர் எடுத்துத் தருவார். எழுத்து, எண், நிறம், உருவம் ஆகிய நான்கும் இரண்டு அங்குலத் தாளில் ஒன்றுக்கொன்று துணை செய்யும் அமைப்பு அது. பள்ளி கைவிட்டதைக் கடைத்தெரு எடுத்துக்கொண்டது என்றால் மிகையாகாது. அச்சீட்டுகளை ஒட்டிய கைகளுள் பள்ளிக்குச் செல்லாத சிறுவர் சிறுமியர் கைகள் மிகப்பல என்பதே இதில் கசப்பான செய்தி. 1987இல் தேசியக் குழந்தைத் தொழிலாளர் கொள்கை அறிவிக்கப்பட்டபின், அவர்களுக்கென இப்பகுதியில் சிறப்புப் பள்ளிகள் நடைபெற்றன.

வெம்பக்கோட்டைப் பகுதியைச் சேர்ந்த அச்சங்குளத்தில் 2021 பிப்ரவரி 12ஆம் நாள் பட்டாசு ஆலையொன்றில் நேர்ந்த வெடிவிபத்தில் இருபது பேரளவில் மாண்டனர். இவ்விபத்துகளுக்கு எழுத்தறிவின்மையே காரணம் என்று நாம் கூறவில்லை. அவ்வாறு கூறுவது உழைப்பவர்மீதே பழி சுமத்துவதாகும். விதியை மீறி ஆலையை உள்வாடகைக்கு விடுவதும், அளவுக்கு மிஞ்சி மருந்தும் ஆட்களும் திணிக்கப்படுவதும் இப்பகுதி விபத்துகளின் விசாரணைகளில் மீண்டும் மீண்டும் வெளிப்பட்ட காரணங்கள். ஆயினும் எழுத்துப் பயிற்சிக்கும் இதில் பங்கு உண்டு. மருந்து கையாளும் ஓர் அறையில் நால்வருக்கு மேல் இருக்கலாகாது என்பது விதி. அதைச் சுவரில் கண்டு படிப்பது ஒரு திறன். ஐந்தாமவராக உள்ளே அனுப்பப்படும்போது அவ்விதியைச் சுட்டி வாய்திறந்து கேட்பதும், முறையீடாக எழுதுவதும், எழுதத் தயங்குபவர் கூட்டத்தில் எழுந்து சொல்வதும் வேறு திறன்கள். முதலாவதை மட்டும் கற்பிக்கும் பள்ளி, காம்பெல் கண்ட திண்ணையிலிருந்து வெகு தொலைவு வந்துவிடவில்லை.

இரண்டாம் வகைத் திறனைத் தமிழகம் பெருமளவில் முயன்று பார்த்த காலம் ஒன்றுண்டு. 1990களின் தொடக்கத்தில் அறிவொளி இயக்கம் பாட்டையும் வீதி நாடகத்தையும் முன்னே அனுப்பி, அரிச்சுவடியைப் பின்னே அனுப்பியது. 1991இல் புதுக்கோட்டையில் எழுத்துக் கற்ற பெண்கள் மிதிவண்டி ஓட்டவும் கற்றனர். மாலை வகுப்புகளில் கற்போர் கதையும் விடுகதையும் சொல்ல, தொண்டர்கள் அவற்றை எழுதிக்கொண்டனர். பின் அவையே பாடமாயின. சொல்பவரே ஆசிரியராகவும் எழுதுபவர் மாணவராகவும் மாறிய அவ்வேளையில், மணலுக்கும் குரலுக்கும் இல்லாதிருந்த ஒன்று கிடைத்தது. அது கற்பவரின் சொந்தச் சொல். இயக்கம் நெடுங்காலம் அதே வேகத்தில் நிலைக்கவில்லை என்பதும் உண்மை.

பள்ளிக்கல்வித் துறையும் வாளாவிருக்கவில்லை. 2003இல் சென்னை மாநகராட்சிப் பள்ளிகளில் தொடங்கி 2007இல் மாநிலமெங்கும் விரிந்த செயல்வழிக் கற்றலில், படக்குறிகள் தாங்கிய அட்டைகளும், பிள்ளையின் கைக்கு எட்டும் உயரத்தில் சுவரோரக் கரும்பலகையும் வந்தன. தரையில் அமர்ந்து, பெரிதாக எழுதி, கையால் அழித்து, மீண்டும் எழுதும் அப்பிள்ளையைக் கண்டிருந்தால் தெல்லா வாலே அடையாளம் கண்டிருப்பார். 2022இல் தொடங்கிய எண்ணும் எழுத்தும் திட்டத்திலும் பாட்டுக்கும் ஆட்டத்துக்கும் பொம்மலாட்டத்துக்கும் வகுப்பில் இடமுண்டு. ஆனால் இவையெல்லாம் தொடக்க வகுப்புகளோடு நின்றுவிடுகின்றன. வகுப்பு ஏற ஏற, பாடுவதும் வரைவதும் தனித்தனி ஏடுகளுக்குச் சென்றுவிட, கட்டுரை ஏட்டில் முன்னுரை, பொருளுரை, முடிவுரை என்ற மூன்று தலைப்புகளும், உரைநூலிலிருந்து எடுத்த வாக்கியங்களும் மட்டும் எஞ்சுகின்றன. பத்தாம் வகுப்புத் தேர்வில் பட்டாசுத் தொழிலாளியின் மகளும் தன் ஊரைப்பற்றி எழுதாமல், எந்த ஊருக்கும் பொருந்தும் ஒரு கட்டுரையையே எழுதி மதிப்பெண் பெறுகிறாள்.